எட்டுப் புள்ளி உயரத்தில் தமிழ்

என் அண்ணி மூன்று ஃப்ளாப்பிகளுக்கும் பொட்டு வைத்திருந்தார்.

ஆயுத பூசை நாள், காலை பத்து மணி இருக்கும். பூவும் பொரியும் வாங்க வில்லியனூர்க் கடைத்தெருவுக்குப் போய்விட்டு அப்போதுதான் எங்கள் ஊரான உறுவையாற்றுக்குத் திரும்பியிருந்தேன். கூடத்தில் சாமி படத்துக்கு முன்னால் பலகை போட்டு, அண்ணனின் ஸ்பேனர்கள், கதிர் அரிவாள்கள், கரும்பு வெட்டும் கத்தி, என் புத்தகங்கள், கட்டம் போட்ட என் நோட்டு என்று எல்லாவற்றையும் அடுக்கியிருந்தார்கள். எல்லாவற்றிலும் சந்தனம், அதன் நடுவே குங்குமம். அடுக்கின் உச்சியில், வாழையிலைத் துண்டின்மேல், என் மூன்று ஃப்ளாப்பிகள்.

ஃப்ளாப்பியைப் பார்த்திராதவர்களுக்காகச் சொல்கிறேன். உள்ளங்கையைவிடப் பெரிய, சதுரமான கறுப்பு உறை. உறைக்குள் மெல்லிய பழுப்பு நிற வட்டத் தகடு. கணினி அந்தத் தகட்டைத் தொட்டுப் படிப்பதற்காக உறையில் நீள்வட்டமாக ஒரு திறப்பு விட்டிருப்பார்கள். அங்கே விரல் படக்கூடாது, ஈரம் படக்கூடாது, தூசிகூடப் படக்கூடாது. அண்ணி மூன்றையும் ஈரத்துணியால் துடைத்து, மிகச் சரியாக அந்தத் திறப்பில் சந்தனத்தை அழுத்திக் குங்குமம் இட்டிருந்தார்.

"இன்னாம்மா அப்பிடிப் பாக்குற?" என்றார். "பொட்டுக்குன்னே எடம் வுட்டு வச்ச மாதிரி இருந்திச்சி. அளவா வச்சிட்டேன். நல்லாருக்குதா?"

அந்த மூன்று தகடுகளில் என் இரண்டு ஆண்டு உழைப்பு இருந்தது. மறுநாள் மாலைக்குள் அதை நான் அனுப்பியாக வேண்டும். அனுப்பாவிட்டால் ஒரு திரையிலிருந்து தமிழ் நீக்கப்பட்டுவிடும்.

எனக்குக் கோபம் வந்தது. ஆனால் அந்தக் கோபம் அண்ணிக்காகப் பிறந்ததில்லை. அது அவருக்கு முன்பே எங்கள் வீட்டில் குடியிருந்தது.

எனக்கு இருபது வயது ஆகாத காலத்தில், பிரான்சில் வேலை பார்த்த உறவினர் ஒருவர் விடுமுறைக்கு வந்தபோது ஒரு வீட்டுக் கணினியைக் கொண்டுவந்தார். விசைப்பலகையும் கணினியும் ஒரே பெட்டி. கூடவே செங்கல் கனத்தில் ஃப்ளாப்பி போடும் டிரைவ். தொலைக்காட்சியில் கம்பியைச் செருகினால் படம் வரும். அந்த நாட்டு நிற அமைப்பு நம் தொலைக்காட்சிக்கு ஒத்துவராததால் எங்களுக்குக் கறுப்பு வெள்ளையில்தான் வந்தது. பெட்டியை அவர் அண்ணனுக்கென்று கொடுத்துவிட்டுப் போனார். கணக்குப் பாடத்தில் பட்டப்படிப்புப் படித்துக்கொண்டிருந்தவள் நான். அதை எடுத்துச் சொல்ல வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை, எனக்கும்.

அண்ணன் வில்லியனூரில் தட்டச்சு லோயர் தேறியவர். விசையைப் பார்க்காமல் அடிப்பதில் அவருக்கு அவ்வளவு பெருமை. தெருவே கூடத்தில் கூடியிருக்க, கண்ணைக் கூரைக்கு உயர்த்திக்கொண்டு தம் பெயரை அடித்தார். பிரான்சு நாட்டு விசைப்பலகையில் எழுத்துகளின் வரிசை வேறு என்று அவருக்குத் தெரியாது. திரையில் யாருடைய பெயரும் இல்லாத ஏதோ ஒன்று விழுந்தது. அதற்குக் கீழே கணினி ஒரு கேள்விக்குறியையும் எங்கள் தெருவில் எவருக்கும் விளங்காத இரண்டு சொற்களையும் பதிலாகக் கொடுத்தது.

"இன்னாடா, பொட்டி உன்னையே யாருன்னு கேக்குதா?" என்றார் பக்கத்து வீட்டுக்காரர். கூடம் முழுவதும் சிரித்தது. அண்ணன் கம்பியைப் பிடுங்கினார். பெட்டியை வேட்டியில் சுற்றி அலமாரியின் மேல்தட்டில் வைத்தார். இரண்டு நாள் கழித்து நான் நாற்காலி போட்டு ஏறியபோது, பின்னாலிருந்து அவர் குரல் வந்தது.

"தொடாத பாப்பா. கெட்டுப்பூடும்."

நாற்பது ஆண்டுகள் அது அலமாரியில் கெடாமல் இருந்தது. பாகூரில் கணக்கு ஆசிரியையாக இருந்த காலம் முழுவதும், விடுமுறைக்கு வரும்போதெல்லாம், அந்த வேட்டி மூட்டையை நிமிர்ந்து பார்த்துவிட்டுத்தான் சாப்பிட உட்காருவேன். பணி ஓய்வு பெற்று எங்கள் பிறந்த வீட்டுக்கே திரும்பிய மறுவாரம், யாரையும் கேட்காமல் அதை இறக்கினேன். அண்ணன் பார்த்தார்; ஒன்றும் சொல்லவில்லை. வயதான பிறகு கிடைக்கும் அனுமதி பெரும்பாலும் இப்படித்தான் இருக்கிறது: தடுக்க வேண்டிய அவசியம் தீர்ந்துபோயிருக்கும்.

அதை ஓடவைக்க வழி தேடியபோதுதான் இணையத்தில் அந்தக் கூட்டத்தைக் கண்டேன். உலகில் எங்கெங்கோ இருக்கும் முப்பது நாற்பது பேர், தயாரித்தவர்களே கைவிட்டுவிட்ட இந்த யந்திரத்துக்காகப் புதிய மென்பொருள் எழுதிக்கொண்டிருந்தார்கள். பிறந்தபோது இந்தக் கணினிக்குத் தெரிந்ததெல்லாம், விசைப்பலகையில் கட்டளை அடித்தால் பதில் சொல்வது மட்டும். இவர்கள் அதற்குத் திரையில் விரியும் சன்னல்களைக் கொடுத்தார்கள். சிறு சிறு படங்களையும், அவற்றைச் சுட்ட ஓர் அம்பையும், திற, மூடு என்ற பட்டியல்களையும் கொடுத்தார்கள். இன்றைய கைப்பேசியில் ஒரு புகைப்படத்துக்குக்கூடப் போதாத நினைவகத்தில் இவ்வளவையும் அடக்கினார்கள். ஒருவர் அந்த அம்பு நடுங்காமல் நகர வேண்டும் என்பதற்காகவே ஒரு குளிர்காலம் முழுவதையும் செலவிட்டார். யாரும் கேட்காத வேலை; யாரும் கூலி தராத வேலை. அவர்களை நான் நேசித்தேன். இதற்குப் பின் சொல்லப்போவதை மனத்தில் வைத்து, இதை முதலில் எழுதிவிட வேண்டும்.

பட்டியல்களைப் பல மொழிகளில் காட்ட அந்த மென்பொருளில் இடம் இருந்தது. தமிழை நான் செய்கிறேன் என்று எழுதினேன். ஒருங்கிணைப்பாளர், ஐரோப்பாவில் எங்கோ இருக்கும் பெரியவர், உடனே ஒப்புக்கொண்டார். முதல் ஓர் ஆண்டு எல்லாரும் என்னை ஆண் என்றே எண்ணி எழுதினார்கள். திருத்தாமல் விட்டது என் தவறு. ஒருநாள் பேச்சுவாக்கில் நான் ஓய்வுபெற்ற ஆசிரியை என்று குறிப்பிட்டேன். அன்றிலிருந்து, அதுவரை நான் விளக்கிக்கொண்டிருந்தவற்றை எனக்கே விளக்கத் தொடங்கினார்கள். ஒருவர், நீங்கள் வாசலில் புள்ளி வைத்துப் படம் போடுவீர்களாமே, அதனால்தான் இது உங்களுக்கு இயல்பாக வருகிறது என்று பாராட்டினார். முப்பது ஆண்டுகள் கணக்கு கற்பித்தவள் நான். எண்களோடு நான் பழகிய பழக்கத்தை வாசல் தெளிக்கும் வேலையில் சேர்த்துவிட்டார்கள். நன்றி என்று பதில் எழுதினேன். அந்த நன்றியை நினைத்தால் இன்றும் எனக்குக் கூசுகிறது.

என் வேலை இது. ஓர் எழுத்துக்கு எட்டுக்கு எட்டு என்று அறுபத்து நான்கு கட்டங்கள். பள்ளியில் மீந்த கட்டம் போட்ட நோட்டில் பென்சிலால் எழுத்தை வரைவேன். ஒவ்வொரு வரிசையிலும் கறுத்த கட்டங்களை ஓர் எண்ணாக மாற்றுவேன். இடது ஓரக் கட்டம் நூற்றிருபத்தெட்டு, அடுத்தது அறுபத்து நான்கு, இப்படிப் பாதி பாதியாகக் குறைந்து வலது ஓரத்தில் ஒன்று. எட்டு வரிசைக்கு எட்டு எண். அந்த எட்டும் ஓர் எழுத்து. ஆங்கிலத்துக்கு இந்தக் கட்டம் தாராளம். தமிழில் ணகரத்தின் மூன்று சுழிகளுக்கும் இடம் போதாது. பக்கத்துக் கட்டத்தையும் சேர்த்துக்கொண்டு, சுழியைச் சுழியாகத் தெரியவைக்க எனக்கு ஒரு மாதம் ஆயிற்று.

இரண்டாம் ஆண்டின் முடிவில் ஒருங்கிணைப்பாளர் ஒரு கடிதம் எழுதினார். புதிய பதிப்பில் நினைவகம் போதவில்லையாம். தமிழ் கேட்கும் இடம் மிக அதிகமாம். மெய்யெழுத்துகளின் மேலுள்ள புள்ளிகளை விட்டுவிட்டால் இடம் மிச்சமாகுமே, வாசிப்பவர் ஊகித்துக்கொள்ள மாட்டார்களா? உங்கள் ஊரில் எல்லாருக்கும் ஆங்கிலம் தெரியும் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். இந்த யந்திரம் இன்று அங்கே யாரிடம் இருக்கிறது? குறிப்பிட்ட நாள் மாலைக்குள் முழுமையாக வந்து சேராத மொழிகளை எடுத்துவிட்டு, அந்த இடத்தைச் சீட்டாட்டத்தின் படங்களுக்குத் தருவதாக முடிவு.

யாரிடம் இருக்கிறது என்று அவர் கேட்டது நியாயமான கேள்வி. என்னிடம் இருக்கிறது. என் அண்ணன் வீட்டு அலமாரியில் நாற்பது ஆண்டுகள் இருந்தது. அந்தக் கேள்விக்குறியும் அந்த இரண்டு சொற்களும் அன்று தமிழில் வந்திருந்தால், கூடத்தில் இருந்தவர்கள் அவற்றைப் படித்திருப்பார்கள். அண்ணன் இன்னொரு முறை அடித்துப் பார்த்திருப்பார். நானும் நாற்காலியிலிருந்து இறங்க வேண்டியிருந்திராது. இதையெல்லாம் நான் அவருக்கு எழுதவில்லை. முழுமையாக அனுப்புகிறேன் என்று ஒரே வரி எழுதினேன். உங்கள் பொறுமையை மெச்சுகிறேன் என்று பதில் வந்தது. என் பொறுமையை மெச்சியவர்கள் எல்லாரும் அதனால் பயனடைந்தவர்கள்தாம்.

அவர் குறித்த நாள் ஆயுத பூசைக்கு மறுநாள். வேலையை நான் முடித்துவிட்டேன். மூன்று ஃப்ளாப்பிகளிலிருந்தும் பெட்டியோடு இணைத்த ஒரு மெமரி கார்டுக்குப் படி எடுத்து, மடிக்கணினி வழியாக அனுப்புவது மட்டும் மிச்சம். உயிரெழுத்துகளை முன்பே படி எடுத்திருந்தேன். மற்றவற்றை எடுக்காமலேயே வைத்திருந்தேன். விடைத்தாளைக் கொடுக்குமுன் ஒருமுறை சரிபார் என்று ஆயிரம் பிள்ளைகளுக்குச் சொன்னவளின் இலட்சணம் அது. பூசை முடிந்து அடுக்கைப் பிரித்ததும் செய்துகொள்ளலாம் என்றிருந்தேன். பூசையில் வைத்த புத்தகத்தையும் கருவியையும் மறுநாள் வரை தொடக் கூடாது. அந்த வழக்கத்தை நானும் குறைசொல்லாமல் கடைப்பிடித்து வந்தவள்தான்.

பொட்டு வைத்த ஃப்ளாப்பிகளைப் பார்த்தபடி எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியவில்லை. பிறகு அவற்றை அடுக்கிலிருந்து எடுத்தேன். தகட்டைக் கழுவி உலர்த்திப் பார்க்கலாம் என்று அந்த இணையக் கூட்டத்தில் படித்திருந்தேன். ஒன்றைப் பிரித்துக் கழுவி, காற்றில் உலர்த்தி, டிரைவில் இட்டேன். குங்குமத் துகள் எங்கோ தங்கிவிட்டிருந்தது. டிரைவுக்குள் தேங்காய் துருவுவது போன்ற ஒலி கேட்டது. டிரைவ் அதைப் படிக்கவில்லை; மற்ற இரண்டையும் இட்டு டிரைவையும் கெடுத்துக்கொள்ள நான் துணியவில்லை.

அண்ணிக்குப் புரிந்துவிட்டது. கையில் இருந்த சந்தனக் கிண்ணத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றார்.

"கெடுத்துட்டனா?"

"ஆமாம் அண்ணி."

"நான் நல்லதுக்குத்தாம்மா வச்சேன். நீ ரெண்டு வருசமா அதுங்கூடவே கெடக்குற. அதுக்கு வைக்காம ஸ்பேனருக்கு வைப்பனா?"

எங்கள் வீட்டில் என் வேலையை வேலை என்று எண்ணி அதற்குச் சந்தனம் வைத்தவர் அவர் ஒருவர்தான். அதனால்தான் அது அழிந்தது. இரண்டையும் ஒரே மூச்சில் நினைக்க வேண்டியிருந்தது.

பலகைக்குத் திரும்பிப் போனேன். புத்தகங்களுக்கு அடியில் என் நோட்டு இருந்தது. மெய்யெழுத்துகள், உயிர்மெய்களின் வடிவங்கள், கொம்பு, கால் எல்லாம் பென்சிலில், பக்கத்திலேயே எண்களோடு இருந்தன. நூற்றுக்குச் சற்றுக் குறைவான வடிவங்கள். ஒவ்வொன்றுக்கும் எட்டோ பதினாறோ எண்கள். ஒருவர் வாசிக்க ஒருவர் அடித்தால் ஒரு பகலில் முடியும். நோட்டை உருவினேன். மேலிருந்த அரிவாள் ஒன்று சரிந்து தரையில் விழுந்தது.

அந்தச் சத்தத்தில்தான் அண்ணன் கொல்லையிலிருந்து வந்தார். கையில் பூசணிக்காய்.

"ஏய் பாப்பா, பூசையில வச்சத எடுக்குற? பாடம் சொல்லிக் குடுத்தவதான நீ?"

"வேலை இருக்கு."

"இன்னா வேல? நாளைக்கிப் பாத்துக்க. ஒரு நாளு தொடாம இருந்தா இன்னா குடி முழுவிப்பூடும்?"

"நீ தொடாதேன்னு சொன்ன. நாப்பது வருசம் தொடாமத்தான் இருந்தேன். என் குடிதான் முழுவிச்சி. ஒனக்குத் தெரியல."

"ஊரு பாத்தா சிரிக்கும்."

"ஊரு ஒரு தடவ சிரிச்சிது. ஒன்னப் பாத்து. அதுக்கு நானா ஜவாப்தாரி?"

சொன்ன கணமே அது எங்கே போய்த் தைத்தது என்று பார்த்தேன். எழுபதை நெருங்கிய மனிதரின் முகம் சிறுத்து, அந்தக் கூடத்தில் கண்ணைக் கூரைக்கு உயர்த்தி உட்கார்ந்திருந்த இளைஞனின் முகமாயிற்று. எனக்கு அவர்மேல் இரக்கம் வந்தது. கோபம் அதற்காகக் குறையவில்லை. இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. அவர் பூசணிக்காயை வாசற்படியில் வைத்துவிட்டு மோட்டார் கொட்டகைப் பக்கம் போய்விட்டார்.

அண்ணி புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டு என்னிடம் வந்தார். "அந்த நோட்டக் குடு. நான் படிக்கிறேன். நீ அடி."

எட்டாம் வகுப்போடு நிறுத்தப்பட்டவர். பூசை நாளில் நோட்டைப் படிக்கலாமா என்று நான் கேட்டேன்.

"சாமிகிட்ட நான் சொல்லிக்கிறேன், டீச்சரம்மா. நீ குந்து."

அவர் தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து வாசிக்கத் தொடங்கினார். தொடக்கத்தில் விரலை வைத்துத் தடவித் தடவி வாசித்தார். டகரம் வந்தது.

"நூத்தி இருவத்தெட்டு. நூத்தி இருவத்தெட்டு. மறுபடி நூத்தி இருவத்தெட்டு. இன்னாம்மா இது, ஒண்ணையே ஆறு வாட்டி எழுதி வச்சிருக்கிற? மறந்து பூட்டியா?"

"அது 'ட' அண்ணி. இடது பக்கத்துக் கோடு. மேலேருந்து கீழ வருது."

அண்ணி அந்த எண்களை மேலிருந்து கீழே விரலால் தடவினார். "அப்ப அடுத்தது எரநூத்தி அம்பத்து நாலு, கீழ படுத்த கோடா?"

"ஆமாம்."

அதற்குப் பிறகு அவர் வாசித்த விதமே மாறிவிட்டது. சில பக்கங்கள் கழித்து, "நூத்தி முப்பது" என்றவர் நிறுத்தினார். வரைந்த படத்தைக் கையால் மறைத்துக்கொண்டார். "நான் பாக்கல. நீயும் சொல்லாத. நூத்தி முப்பதுன்னா ரெண்டு பக்கமும் கோடு. ஆறு வாட்டி. அப்புறம் கீழ கோடு. 'ப'வா?"

'ப'தான். அவர் வாய்விட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்தப் பெண்மணியை எட்டாம் வகுப்போடு நிறுத்தியவர்கள் யார், எதற்காக என்ற கேள்விதான் வந்தது. முப்பது ஆண்டுகள் ஊரார் பிள்ளைகளுக்குக் கணக்கு சொல்லிக்கொடுத்த நான், விடுமுறைக்கெல்லாம் இந்த வீட்டுக்கு வந்து இவர் சமைத்ததைச் சாப்பிட்டுவிட்டுப் போயிருக்கிறேன். ஒருநாளும் இவர் முன்னால் ஒரு நோட்டைத் திறந்ததில்லை. அந்தக் கோபத்தை வேறு எவர்மேலும் ஏற்ற வழியில்லை.

அன்று மதியம் சுண்டல் மட்டும் சாப்பிட்டோம். பூசையை அண்ணனே செய்தார், பூசணிக்காயும் உடைத்தார். நாங்கள் எழுந்து நின்று கும்பிட்டுவிட்டு மீண்டும் உட்கார்ந்தோம். விளக்கு வைக்கும் நேரத்தில் கடைசி எழுத்தின் கடைசி எண்ணை அண்ணி வாசித்தார். தொண்டை கட்டிப்போயிருந்தது.

மறுநாள் காலை எல்லாவற்றையும் ஒருமுறை சரிபார்த்து அனுப்பினேன். குறித்த நேரத்துக்கு ஆறு மணி நேரம் மிச்சம் இருந்தது.

மதியம் ஒருங்கிணைப்பாளரின் பதில் வந்தது. கிடைத்தது, மிக அழகு என்று எழுதியிருந்தார். பிறகு ஒரு வரி: மற்றவர்கள் யாரும் முடிக்காததால் கடைசி நாளை ஒரு வாரம் தள்ளிவைத்திருக்கிறோம், சொல்ல மறந்துவிட்டேன், நீங்கள் இவ்வளவு அவசரப்பட்டிருக்க வேண்டாமே.

அந்த வரியை மூன்று முறை படித்தேன். பிறகு, அந்தக் கூட்டத்தில் சேர்ந்த நாள் முதல் எழுதாத கடிதத்தை எழுதினேன். தமிழுக்குப் புள்ளி அலங்காரம் அன்று. இந்த யந்திரம் எங்கள் ஊரில் யாரிடம் இருக்கிறது என்று கேட்டீர்களே, அது எங்கள் வீட்டில் எத்தனை ஆண்டு, எதனால் சும்மா இருந்தது என்று சொல்கிறேன், கேளுங்கள். நான் வாசலில் கோலம் போடுவதில்லை. போடுகிறவர்களுக்கும் கணக்குத் தெரியும். உங்களுக்கு அவகாசம் வேண்டியபோது நாள் தள்ளிப்போகிறது; எனக்கு வேண்டியபோது சீட்டுக்கட்டு வந்து நிற்கிறது. இறுதியில், பங்களித்தவர்களின் பட்டியலில் என் பெயருக்குப் பக்கத்தில் இன்னொரு பெயரையும் சேர்க்கச் சொன்னேன்: எண்களை வாசித்தவர். திருத்தாமல், மென்மையாக்காமல் அனுப்பினேன்.

மாலையில் அண்ணி வந்தார். "நான் படிச்சதெல்லாம் எழுத்தா ஆயிடுச்சான்னு பாக்கணும்."

மெமரி கார்டைப் பெட்டியில் பொருத்தி, தொலைக்காட்சியில் கம்பியைச் செருகினேன். கறுப்பு வெள்ளையில் சன்னல் ஒன்று விரிந்தது. அதன் மேல்விளிம்பில் பட்டியல்: திற, மூடு, அழி. அம்பை நகர்த்தும் ஜாய்ஸ்டிக்கை அண்ணியின் கையில் கொடுத்தேன். அம்பு தடுமாறி, திரையின் ஓரத்தில் முட்டி, திரும்பி வந்து 'திற' என்ற சொல்லின்மேல் நின்றது.

வாசற்பக்கம் நிழல் தட்டியது. அண்ணன். தோளில் துண்டு, உள்ளே வரவில்லை.

"ஏய், தொடாத. கெட்டுப்பூடும்," என்றார் அண்ணியிடம்.

நாற்பது ஆண்டுகளில் அந்தச் சொற்கள் ஒன்றுகூட மாறவில்லை. நான் அவர் பக்கம் திரும்பவில்லை. "அமுக்குங்க அண்ணி," என்றேன். என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது.

அண்ணி அமுக்கினார். அடுத்த சன்னல் திறந்தது.

பிறகு வாசலிலிருந்து அண்ணன், எழுத்தெழுத்தாக, கண்ணை இடுக்கிக்கொண்டு படிப்பது கேட்டது. "தி… ற. மூ… டு." ஒரு தடவை இருமினார். "பாப்பா, அந்த 'ற' இன்னா, காலு ஒடஞ்சாப்பல கீது? சரியா போடத் தெரியலியா ஒனக்கு?"

அந்தப் பெட்டியில் அவர் வாசித்த முதல் சொல் 'திற'. அதிலும் குற்றம் கண்டார். எனக்கு வந்த ஆத்திரத்தில் திரும்பி ஏதோ சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் என் கண் திரைக்குப் போனது. அவர் சொன்னது சரி. றகரத்தின் வால் வளைய வேண்டிய இடத்தில் ஒரு புள்ளி குறைந்திருந்தது.

நோட்டை எடுத்தேன். சந்தனம் காய்ந்து அட்டையிலிருந்து உதிர்ந்தது. அழிப்பானால் அந்தக் கட்டத்தைத் துடைத்து, மறுபடி வரைந்தேன். ஒரு வாரம் இருந்தது.